வலது கைப் பக்கத்து மூடி

1976 ஜனவரி 6, செவ்வாய்

எண்ணெய்க் கம்பெனி டைரி வந்தது. வருஷா வருஷம் வருவதுதான். மேலே என் வீட்டுக்காரர் பெயரைத்தான் அச்சடித்து அனுப்பியிருக்கிறார்கள். அவர் இறந்து மூன்று மாதம் ஆகிறது. கம்பெனிக்குக் கடிதம் போட்டிருந்தோம். டைரிக்காரனுக்கு யார் சொல்வார்கள்?

அவர் இதில் டேங்க் அளவைத் தவிர எதுவும் எழுத மாட்டார். பதினாறு டைரி பீரோவில் இருக்கிறது, எல்லாம் அளவுதான். எங்கள் கல்யாண நாளில்கூட "பெட்ரோல் 41, டீசல் 63" என்றுதான் இருக்கிறது. நான் ஐந்தாம் வகுப்போடு நின்றவள். ஆனால் நாசரேத் பள்ளிக்கூடத்தில் கையெழுத்துக்கு என்னைத்தான் காட்டுவார்கள். அதனால் நான் கொஞ்சம் தாராளமாகவே எழுதலாம்.

நம் பெட்ரோல் பல்க்கில் எண்ணெய் ஊற்றுகிற சாமிதாஸ் காலையில் டேங்கில் கம்பி விட்டு அங்குல அளவு சொன்னான். பெட்ரோல் 38, டீசல் 52. பனங்கிழங்கு அவித்தேன். சாமிதாஸ் நாலு தின்றான்.

ஜனவரி 12, திங்கள்

தூத்துக்குடியிலிருந்து கம்பெனி ஆபீசர் சேஷாத்ரி வந்திருந்தார். மெலிந்த ஆள். மேஜையில் விரலை வைத்துத் தூசி பார்க்கிறவர். தூசி இல்லை.

விஷயம் இதுதான். பல்க் ஏஜென்சி அவர் பெயரில் இருந்தது. மார்ச் வரை நான் நடத்தலாம் என்று தற்காலிகமாக அனுமதி தந்திருக்கிறார்கள். அதற்குப் பிறகு என் பெயருக்கு மாற்ற வேண்டும். அதற்குள் வெள்ளைக்காரக் கம்பெனியைச் சர்க்கார் எடுத்துக்கொள்ளப் போகிறதாம். அதனால் எல்லாப் பல்க்கையும் ஒருமுறை பார்த்து, ரிப்போர்ட் எழுதி, சர்க்காரிடம் ஒப்படைக்க வேண்டும்.

"ரிப்போர்ட் சரியா இருந்தா உங்க பேருக்கு மாத்திடுவாங்கம்மா. இல்லேன்னா பேப்பர்ல விளம்பரம் போட்டு வேற ஆளுக்குக் குடுத்துடுவாங்க. படிப்பு என்ன?"

"அஞ்சாம் கிளாஸ்."

எழுதிக்கொண்டார். எழுதும்போது பேனா கொஞ்சம் நின்றது. நான் பார்த்தேன்.

"பேத்தி பி.யு.சி. படிக்கா" என்றேன். கேட்காமலே சொன்னதுதான். எஸ்தர் உள்ளே கதவுக்குப் பின்னால் தலையில் அடித்துக்கொண்டாள். அவளுடைய அப்பாவும் அம்மாவும் பம்பாயில் இருக்கிறார்கள். படிப்புக்காக என்னிடம் விட்டிருக்கிறார்கள். அவளுடைய இங்கிலீஷைக் கேட்டால் ஆபீசரே எழுந்து நிற்பார். சொல்லவில்லை, அவ்வளவுதான்.

ஜனவரி 15, வியாழன்

பொங்கல். பஸ் எல்லாம் கூட்டம். டீசல் நல்ல ஓட்டம். கால் வலி.

ஜனவரி 18, ஞாயிறு

கோயில் முடிந்து வந்து சாப்பிட்டபின் சாமிதாஸ் வாசல்படியில் உட்கார்ந்து கேட்டான்.

"எக்கா, சர்க்கார் எடுத்துட்டா நாமளும் சர்க்கார் ஆளா? பென்சன் உண்டுமா?"

"ஒனக்கு பென்சன் குடுக்கத்தான் டெல்லியில கூடி இருக்காவ."

"குடுக்கட்டுமே. வெள்ளைக்காரன் கம்பெனிக்கு இருபத்தாறு வருசமா ஊத்துதேன்."

அதுவும் சரிதான். இவன் வந்த வருஷம் 1950. அப்போது கையால் சுற்றுகிற பம்பு. அதற்கு முன்னால் என் மாமனார் இதே கம்பெனி மண்ணெண்ணெயை மாட்டுவண்டியில் தகர டப்பாக்களில் ஏற்றிக்கொண்டு உடன்குடி, மெஞ்ஞானபுரம் எல்லாம் போவார். முதலில் கம்பெனிக்காரன் சின்ன விளக்கைச் சும்மாவே கொடுப்பானாம். விளக்கு வீட்டுக்குள் போய்விட்டால் எண்ணெய்க்கு வந்துதானே தீர வேண்டும். இந்தப் பக்கத்தில் பாதி வீட்டில் கூரைத் தகரமே கம்பெனி டப்பா தட்டியதுதான். எங்கள் பழைய குளியலறைக் கதவில் கம்பெனி முத்திரை தலைகீழாக இருக்கும்.

பிறகு உலகச் சண்டைக் காலம். கூப்பன் இல்லாமல் பெட்ரோல் இல்லை. திருச்செந்தூர் பஸ் முதுகில் அடுப்பைக் கட்டிக்கொண்டு கரிப்புகையில் ஓடியது. மேடு வந்தால் எல்லோரும் இறங்கித் தள்ள வேண்டும். அப்போதும் விலையைச் சர்க்கார்தான் சொன்னது, கம்பெனி ஊற்றியது. இரண்டு வருஷம் முன்னால் அரபு நாட்டில் விலையை ஏற்றியபோது லண்டன் கம்பெனி நமக்கு எவ்வளவு எண்ணெய் தரலாம் என்று யோசித்ததாம். அப்போதே அவர் சொன்னார்: "அடுப்புச் சாவி அடுத்த வீட்டுக்காரன் கையில இருக்கப்படாது. சர்க்கார் வாங்கத்தான் போவுது, பாரு."

வாங்குவதைப் பார்க்க அவர் இல்லை.

ஜனவரி 24, சனி

ரேடியோவில் சொன்னார்கள். இன்றிலிருந்து சர்க்கார் கம்பெனி. சாமிதாஸ் பம்புக்கு முன்னால் நின்று சல்யூட் அடித்தான். சைக்கிளில் போன வாத்தியார் ஒருவர் தனக்குத்தான் என்று நினைத்துத் திரும்ப ஒன்று அடித்தார்.

பெட்ரோல் 35, டீசல் 29. எண்ணெய் அதே நாற்றம்தான் அடிக்கிறது.

ஜனவரி 29, வியாழன்

ஆபீசரிடமிருந்து இங்கிலீஷில் கடிதம். எஸ்தர் படித்துச் சொன்னாள். பிப்ரவரி 5ஆம் தேதி நம் பல்க்கில் சின்ன விழா. போர்டில் "இந்திய அரசு நிறுவனம்" என்று ஒரு வரி சேர்க்க வேண்டும். தாசில்தார் வந்து திறந்துவைப்பார். அன்றைக்கே பரிசோதனை.

இந்தத் தாலுகாவில் மூன்று பல்க் உண்டு. நம்மைத்தான் தேர்ந்தெடுத்திருக்கிறார்கள். அதை மட்டும் எஸ்தரை இரண்டாம் முறை படிக்கச் சொன்னேன்.

பிப்ரவரி 1, ஞாயிறு

மெட்ராஸ் சர்க்காரைக் கலைத்துவிட்டார்களாம். இந்தச் சர்க்கார் வாங்குகிறது, அந்தச் சர்க்கார் போகிறது. விழா உண்டுதானே என்று ஆபீசருக்குப் போன் போட்டுக் கேட்டேன். உண்டு என்றார்.

பிப்ரவரி 2, திங்கள்

பெயின்டர் வந்தான். பம்பு, கம்பம், மேஜை, வாளி எல்லாவற்றுக்கும் நீலம். நன்றாக இருக்கிறது. தரையில் இரண்டு டேங்க் மூடியும் துருப்பிடித்துக் கிடந்தன. பெட்ரோல் மூடி சிவப்பு, டீசல் மூடி மஞ்சள், இரண்டும் பாதி உரிந்துவிட்டது. அதற்கும் நீலமே அடிக்கச் சொன்னேன்.

சாமிதாசுக்குப் பிடிக்கவில்லை.

"எக்கா, மூடிய மட்டும் விட்டுரச் சொல்லுங்க. டேங்கர் லாரிக்காரன் நெறத்தப் பாத்துத்தான் ஓசுக்குழாய மாட்டுவான். அந்தச் சொடலமுத்துக்கு எழுதப் படிக்கத் தெரியாது."

"நீதான் பக்கத்துல நிப்பியே."

"நிப்பேன். இருந்தாலும்..."

"தாசில்தார் காலடியில துருவும் உரிஞ்ச மஞ்சளுமா கெடக்கணுமாக்கும்? விழா முடியட்டும். பழைய நெறத்தையே அடிச்சிருவோம்."

பெயின்டர், "அம்மா, இந்தக் கோழிக் கூண்டு?" என்று கேட்டான். அதற்கும் அடித்தாயிற்று.

பிப்ரவரி 4, புதன்

நாளைக்கு விழா. அது முடியும் வரை விற்பனையும் இல்லை, கம்பி அளவும் இல்லை. ரோஜா மாலை திருச்செந்தூரில்தான் நன்றாகக் கிடைக்கும் என்று சாமிதாசைக் காலை பஸ்ஸில் அனுப்பினேன். பத்து மணிக்கு டீசல் லோடு வந்துவிட்டது. நாளை வரவேண்டியது. விழாக் கூட்டத்தில் லாரி நிற்க இடம் இராது என்று தூத்துக்குடி எண்ணெய் டெப்போவில் ஒரு நாள் முந்தி அனுப்பிவிட்டார்களாம்.

நான் அப்போது ரோட்டோரத்தில் நின்று புது போர்டு நேராக இருக்கிறதா என்று பார்த்துக்கொண்டிருந்தேன். லாரி டிரைவர் சுடலைமுத்து எந்த மூடி என்று கேட்டான். சொன்னேன். ஊற்றிவிட்டுப் போனான்.

போர்டு நேராகத்தான் இருக்கிறது.

பிப்ரவரி 5, வியாழன்

எழுத வேண்டாம் என்று நினைத்தேன். எழுதாமல் விட்டால் நாளைக்கு வேறு மாதிரி நினைவு வரும்.

தாசில்தார் வந்தார். மாலை போட்டேன். ரிப்பன் வெட்டினார். அரசுப் பல்க்கின் முதல் பெட்ரோல் அரசு ஜீப்புக்கு என்று சேஷாத்ரி சாரே சொன்னார். சாமிதாஸ் வெள்ளை வேட்டி கட்டிக்கொண்டு ஊற்றினான். எல்லோரும் கைதட்டினார்கள்.

ஜீப் கிளம்பியது. தெருமுனை மாதா சிலைக் கெபி வரைக்கும்கூடப் போகவில்லை. ஒரு குலுக்கு, பின்னால் வெள்ளையாகப் புகை, நின்றுவிட்டது. டிரைவர் மறுபடி கிளப்பினார். இன்னும் புகை. கூட்டத்தில் ஒருவன், "சர்க்கார் பெட்ரோல்லா, சர்க்கார் வேகத்துலதான் போவும்" என்றான். எல்லோரும் சிரித்தார்கள். தாசில்தார் மாலையோடு இறங்கி நடந்தார்.

சாமிதாஸ் ஓடிப்போய்ப் பெட்ரோல் டேங்கில் கம்பியை விட்டான். எடுத்து மோந்து பார்த்தான். பிறகு என்னைப் பார்த்தான். பெட்ரோல் டேங்கு நிறைய டீசல் கலந்து கிடக்கிறது.

சேஷாத்ரி சார் பம்பைப் பூட்டி அரக்கு வைத்தார். முகம் வெளிறிப்போயிருந்தது.

"லோடு இறங்கும்போது யார் பக்கத்துல இருந்தது?"

நான் வாயைத் திறப்பதற்குள் சாமிதாஸ் சொல்லிவிட்டான். "நான்தான் சார் நின்னேன். மாத்திக் காட்டிட்டேன். தப்பு என்னோடது."

லாரிக்காரன்தான் பார்த்து ஊற்றியிருக்க வேண்டும். எத்தனை வருஷமாக வருகிறான்.

நான் ஒன்றும் சொல்லவில்லை. சொல்ல நேரமும் இல்லை.

பிப்ரவரி 6, வெள்ளி

கத்தரிக்காய்க் குழம்பு. உப்பு கூடிவிட்டது என்றாள் எஸ்தர். எனக்குத் தெரியவில்லை.

பிப்ரவரி 8, ஞாயிறு

கோயிலுக்குப் போகவில்லை. கால் வலி.

விசாரணை முடியும் வரை சாமிதாஸ் பல்க் பக்கம் வரக்கூடாது என்று ஆபீசர் சொல்லிவிட்டார். தப்பை ஒப்புக்கொண்டு கையெழுத்துப் போட்டால் அவனை வேலையிலிருந்து நீக்கிவிட்டு, ஏஜென்சி மேல் குறை இல்லை என்று எழுதிவிடலாமாம். சுடலைமுத்துவை லாரிக் காண்டிராக்டர் வண்டியிலிருந்து இறக்கிவிட்டார் என்று கேள்வி.

சாப்பிடும்போது எஸ்தர் கேட்டாள்: "ஆச்சி, லோடு வந்த அன்னைக்கு சாமிதாஸ் மாமா திருச்செந்தூருக்கில்லா போயிருந்தாவ?"

"சாப்பிடு."

"பொறவு எப்படி அவிய பக்கத்துல நின்னாவ? மாலைய வாங்கிட்டு மத்தியானம் ரெண்டு மணிக்குத்தான வந்தாவ?"

"பி.யு.சி. படிச்சா பெரிய மனுசியா? தட்டப் பாத்துச் சாப்பிடு."

தட்டைப் பார்த்துச் சாப்பிட்டாள். அந்தப் பிள்ளையை நான் தட்டைப் பார்க்கச் சொன்னது இதுதான் முதல் தடவை.

பிப்ரவரி 10, செவ்வாய்

ஒரு கட்டு பனங்கிழங்கு எடுத்துக்கொண்டு சாமிதாஸ் வீட்டுக்குப் போனேன். அவன் கட்டிலில் சட்டை இல்லாமல் உட்கார்ந்து ரேடியோவைக் கழற்றிப் போட்டுக்கொண்டிருந்தான். அவன் மனைவி ராசகனி பாய் விரித்தாள்.

"ஏம்ல அப்படிச் சொன்னே?" என்றேன்.

"எப்படி?"

"நடிக்காத."

ஒரு திருகாணியைத் தேடுவதுபோல் குனிந்துகொண்டான். "எக்கா, ஒங்க பேர்ல எழுதுனா ஏஜென்சியவே புடுங்கிருவான். அஞ்சாம் கிளாஸ்னு ஏற்கெனவே எழுதி வச்சிருக்கான். பல்க் இருந்தாத்தான ரெண்டு வீட்லயும் அடுப்பு. எனக்கென்ன, நான் பனை ஏறிப் பொழைச்சுக்கிடுவேன்."

"ஏறுவாவ!" என்றாள் ராசகனி அடுப்படியிலிருந்து. "பரண்ல ஏறி வெங்காயம் எடுக்கச் சொன்னா ஏணியப் புடிச்சுக்கிட்டு இருபது நிமிசம் மூச்சு வாங்குது. இவிய பனை ஏறுதாவ."

"நீ சும்மா இருட்டி."

"ஆமா, நான் சும்மா இருக்கேன். நீரு கையெழுத்துப் போடும். களவாணிப் பயல வேலைய விட்டுத் தூக்குன மாதிரி ஊரெல்லாம் பேசட்டும்."

ராசகனி காப்பி கொடுத்தாள். கருப்பட்டிக் காப்பி. பாதிதான் குடித்தேன்.

பிப்ரவரி 11, புதன்

எழுதிவிடுகிறேன்.

அவர் மேஜையில் உட்கார்ந்து ரோட்டைப் பார்த்தால் இடது கைப் பக்கம் பெட்ரோல் மூடி, வலது கைப் பக்கம் டீசல் மூடி. இருபது வருஷமாக அந்த மேஜைக்குப் பக்கத்தில் நின்றுதான் நான் பார்த்திருக்கிறேன். வலது டீசல், இடது பெட்ரோல். உறக்கத்தில் கேட்டாலும் சொல்வேன்.

அன்று நான் மேஜைப் பக்கம் இல்லை. ரோட்டில் நின்று போர்டைப் பார்த்துக்கொண்டிருந்தேன். சுடலைமுத்து, "டீசல் எதும்மா, ரெண்டும் ஒரே நெறமா இருக்கு?" என்று கேட்டான். நான் அவனைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. போர்டிலிருந்து கண்ணை எடுக்காமல், "வலது கைப் பக்கம்" என்று கையைக் காட்டினேன். ரோட்டிலிருந்து பார்த்தால் வலது கைப் பக்கம் பெட்ரோல்.

அவன் தயங்கினான். "நல்லா தெரியுமாம்மா?" என்றான். நான் சொன்னது இதுதான்: "யாருட்ட கேக்க? இது என் பல்க்."

இன்று போய் அதே இடத்தில் நின்று கையை நீட்டிப் பார்த்தேன். தெருவில் போனவர்கள் என்ன நினைத்தார்களோ.

பிப்ரவரி 12, வியாழன்

எஸ்தரிடம் சொன்னேன். தூத்துக்குடிக்குத் துணைக்கு வருகிறேன் என்றாள். வேண்டாம், காலேஜுக்குப் போ என்றேன். கிளம்பும்போது என் சேலை மடிப்பைச் சரிசெய்து பின் குத்திவிட்டாள். நேற்று வரை முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டிருந்தவள்.

டெப்போ ஆபீசில் ஒன்றரை மணி நேரம் பெஞ்சில் உட்கார்த்தி வைத்தார்கள். கம்பெனி பெயரைச் சுரண்டிவிட்டுச் சர்க்கார் என்று எழுதிய கதவு. சேஷாத்ரி சார் கூப்பிட்டார். நின்றபடியே எல்லாவற்றையும் சொன்னேன். மூடிக்கு நீலம் அடித்தது, சாமிதாஸ் தடுத்தது, மாலை வாங்க அனுப்பியது, கை காட்டியது. அவர் பேனாவை மூடி வைத்துவிட்டார்.

"அம்மா, அந்த ஆள் ஒத்துக்கிட்டார். கேஸ் முடிஞ்சது. நீங்க இப்ப சொல்றத நான் எழுதினா மேலே போகும். ஏஜென்சி உங்களுக்குக் கிடைக்காமலே போகலாம். தெரிஞ்சுதான் சொல்றீங்களா?"

"தெரியும் சார்."

"அப்புறம் ஏன்?"

"அவன் அன்னைக்குத் திருச்செந்தூர்ல இருந்தான் சார். என் ரோசாப்பூவுக்காகப் போனவன்."

ஒரு வெள்ளைத் தாளை என் பக்கம் தள்ளினார். "எழுத்துல வேணும். யாரையாவது எழுதித் தரச் சொல்லட்டுமா?"

"நானே எழுதுதேன்."

இரண்டு பக்கம். வரி கோணவில்லை. படித்துப் பார்த்தார். "ஒரு பிழைகூட இல்லையேம்மா" என்றார். அந்த நேரத்திலும் எனக்குக் கொஞ்சம் சந்தோஷமாகத்தான் இருந்தது. ஆண்டவர் மன்னிக்க வேண்டும்.

என் எதிரிலேயே லாரிக் காண்டிராக்டருக்குப் போன் போட்டு, சுடலைமுத்து மேல் தப்பில்லை என்று சொன்னார். சாமிதாசும் பல்க்குக்கு வரலாம் என்றார்.

பிப்ரவரி 13, வெள்ளி

விடிந்ததும் சாமிதாஸ் வந்துவிட்டான். சண்டை போட.

"எக்கா, ஒருத்தன் ஒரு பொய் சொன்னா அதக் காப்பாத்தணும்லா? நான் கஷ்டப்பட்டுச் சொன்ன பொய்ய இப்படி வீணாக்கிட்டியளே!"

"ஒனக்குப் பொய் சொல்லவே வரல. எஸ்தர் மூணே நாள்ல கண்டுபிடிச்சிட்டா."

"அவ பி.யு.சி. ஆபீசர் கண்டுபிடிச்சாரா?"

"சரி, கம்பிய எடு. அளவு பாரு."

"பூட்டிக் கெடக்க டேங்குக்கு என்ன அளவு?" என்று கத்தினான். அப்புறம் போய்க் கம்பியை எடுத்துத் துடைத்து வைத்தான்.

பிப்ரவரி 20, வெள்ளி

டெப்போ வண்டி வந்து கலந்த எண்ணெயை உறிஞ்சி எடுத்து, புது பெட்ரோல் ஊற்றி, அரக்கையும் உடைத்துவிட்டுப் போனது. மூடிகளுக்குச் சிவப்பும் மஞ்சளும் சாமிதாசே அடித்தான். ஏஜென்சி பற்றி இன்னும் கடிதம் இல்லை.

பிப்ரவரி 27, வெள்ளி

கடிதம் இல்லை.

மார்ச் 4, வியாழன்

கடிதம் இல்லை. சுடலைமுத்து லாரியோடு அந்த வழியாகப் போனான். நிறுத்தி, "வாரேன் ஆத்தா" என்றான். மோர் கொடுத்தேன். அவனிடம் மன்னிப்பு என்ற வார்த்தையைச் சொல்ல வாய் வரவில்லை. இரண்டாவது டம்ளர் ஊற்றினேன். "புரியுது ஆத்தா, போதும், வயிறு வெடிச்சிரும்" என்றான்.

மார்ச் 11, வியாழன்

ஏஜென்சி வேறு ஆளுக்குப் போகுமாம் என்று பஸ் ஸ்டாண்டில் பேச்சாம். பீரோவில் அவருடைய பதினாறு டைரியையும் தூசி தட்டி அடுக்கினேன். எஸ்தர், "பல்க் போயிட்டா நாம பம்பாய்க்குப் போயிருவோம், நான் அங்கயே படிச்சுக்கிடுதேன் ஆச்சி, பரவால்ல" என்றாள். எனக்கு ஆறுதல் சொல்கிறாளாம். பரவாயில்லை என்று சொல்லும்போது மூக்கு சிவந்துவிட்டது.

மார்ச் 19, வெள்ளி

கடிதம் வந்தது. மேலே சிங்க முத்திரை. எஸ்தர் படித்தாள். முதல் தடவை வேகமாக மனதுக்குள், இரண்டாம் தடவை சத்தமாக.

ஒரு வருஷத்துக்கு என் பெயரில் ஏஜென்சி. அதுவரை பார்ப்பார்கள், பிறகு முடிவு. ஒரு நிபந்தனை. இனி லோடு இறக்குவது பொறுப்பாளர் ஒருவர் முன்னிலையில்தான். அவர் இல்லாமல் யார் சொன்னாலும் ஒரு சொட்டுக்கூட இறக்கக் கூடாது. டீலர் சொன்னாலும் கூடாது. அந்த டீலர் என்ற இடத்தில் எஸ்தர் நிறுத்தி என்னைப் பார்த்துச் சிரித்தாள். பொறுப்பாளர் பெயரை எழுதி, அவரும் நானும் கையெழுத்துப் போட்டு அனுப்ப வேண்டும்.

நானே எழுதினேன். ஆ. சாமிதாஸ்.

அவனை உள்ளே கூப்பிட்டேன். வாசலிலேயே நின்றான். என் வீட்டுக்காரர் உட்கார்ந்த நாற்காலியை இழுத்துப் போட்டு, உட்கார்ந்து கையெழுத்துப் போடு என்றேன். இருபத்தாறு வருஷத்தில் அவன் அந்த அறையில் உட்கார்ந்து நான் பார்த்ததில்லை. நான் சொன்னதும் இல்லை. நாற்காலியின் நுனியில், பஸ்ஸில் பெண்களுக்குப் பக்கத்தில் இடம் கிடைத்தவன்போல் உட்கார்ந்தான். எஸ்தர் கடிதத்தைத் தமிழில் சொன்னாள். முழுக்கக் கேட்டான்.

"அப்ப டீலர் சொன்னாலும் நான் கேக்கப்படாதுன்னு போட்டிருக்கா?"

"போட்டிருக்கு மாமா."

"டீலர் யாரு?"

"ஆச்சி."

மெதுவாகப் பின்னால் சாய்ந்துகொண்டான். நாற்காலி முழுவதிலும்.

"எக்கா, அப்ப கேட்டுக்கிடுங்க. லோடு வாற அன்னைக்கு நீங்க ரோட்டுப் பக்கம் வரப்படாது. கையக் காட்டப்படாது. வீட்டுக்குள்ள இருக்கணும்."

"சன்னல் வழியா பாக்கலாமா?"

யோசித்தான். "பாக்கலாம். பேசப்படாது."

கையெழுத்துப் போட்டான்.

மார்ச் 20, சனி

பெட்ரோல் 44, டீசல் 31. பகல் பதினொரு மணிக்கு டீசல் லோடு. சன்னல் வழியாகப் பார்த்தேன். பேசவில்லை.

சரியான மூடிதான்.